காணி உறுதி எப்போது வீட்டுக்கு வரும்? ஒரு வீட்டுக் கடனின் முழுக் கணக்கு

தங்கச்சி கொண்டுவந்த தாளில் ஒரு எண்ணை மட்டும் வங்கியில் இருந்தவர் சிவப்புப் பேனையால் வட்டம் போட்டுக் கொடுத்திருந்தார். 55,054. ஐம்பது லட்சம் ரூபா வீட்டுக் கடன், 12 வீத வட்டி, 20 வருடம், மாதம் இவ்வளவு. குசினி மேசையில் தாளை விரித்து வைத்துவிட்டு, "ரெண்டு பேர் சம்பளத்திலயும் இதைக் கட்டலாம் அண்ணா" என்றாள்.

கட்டலாம்தான். அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. அவள் பிரதேச செயலகத்தில் அபிவிருத்தி உத்தியோகத்தர். மச்சான் ஒரு கம்பனியில் விற்பனைப் பக்கம். மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே, படுவான்கரையில் கொஞ்சம் வயலும் இருக்கிறது. "சரி, மறுகா மொத்தமா எவ்வளவு கட்டி முடிப்பீங்க?" என்று கேட்டேன். தாளைத் திருப்பிப் பார்த்தாள். அந்த எண் எந்தப் பக்கத்திலும் இல்லை.

போனில் பெருக்கிப் பார்த்தோம். 240 மாதத்துக்கு 1 கோடியே 32 லட்சத்து 13 ஆயிரம் ரூபா. அதாவது ஐம்பது லட்சம் கடனுக்கு 82 லட்சத்துக்கு மேல் வட்டி. மச்சான் ஒன்றும் பேசவில்லை. போனை வாங்கித் தானும் ஒருமுறை பெருக்கிப் பார்த்தார்.

அந்த இரவும் அதற்குப் பிறகு இரண்டு ஞாயிற்றுக்கிழமைகளும் இருந்து, அவர்களுக்கு முன்னால் இருந்த வழிகளை ஒவ்வொன்றாகக் கணக்குப் பார்த்தோம். மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் இதே மேசையில் இருக்கிற குடும்பங்கள் பல இருக்கும். அதனால்தான் எழுதுகிறேன். எல்லாக் கணக்குக்கும் 12 வீதத்தையே எடுத்திருக்கிறேன். உங்களுக்குச் சொல்லப்படும் வீதம் வேறாக இருக்கலாம், கணக்கின் போக்கு மாறாது.

முதலில் ஒரு விஷயம். நம் பகுதியில் வீடு பெண்பிள்ளைக்குப் போகிறது. கலியாணம் முடித்து ஆண் பெண் வீட்டுக்கு வருகிறான், தாய் தகப்பன் மகளுக்கு வீட்டைச் சீதனமாக எழுதுகிறார்கள். நாங்கள் இருந்து பேசிய அந்த ஆரையம்பதி வீடே அம்மாவுக்குச் சீதனமாக வந்ததுதான். 1978 நவம்பர் 23 சூறாவளியில் கூரை போய், திரும்ப ஓடு போட்ட வீடு. அம்மா அதைத் தங்கச்சிக்கு எழுதினார். தங்கச்சிக்கும் இரண்டு மகள்கள். மூத்தவளுக்கு ஒன்பது வயது. வளவை ஈடு வைத்தால் உறுதி, அதாவது காணிப் பத்திரம், வங்கியில் இருக்கும். ஈட்டு உறுதியில் போடுகிற நிபந்தனைப்படி, வங்கியின் சம்மதம் இல்லாமல் அதை இன்னொருவர் பெயருக்கு மாற்ற முடியாது. 20 வருடக் கடன் என்றால் மூத்தவளுக்கு 29 வயது ஆகும்போதுதான் உறுதி வீட்டுக்கு வரும். அதற்கு முன் சம்பந்தம் பேசி வந்தால் எதை எழுதிக் கொடுப்பது? கடனின் உண்மையான விலையைப் பற்றிப் பேசுகிறவர்கள் வட்டியைப் பேசுகிறார்கள். இங்கே அதற்குள் இதுவும் சேரும்.

20 வருடக் கடனின் உள்ளே என்ன நடக்கிறது என்பதை ஒவ்வொரு குடும்பமும் ஒருமுறையாவது பார்க்க வேண்டும். ஐம்பது லட்சத்துக்கு மாதம் 1 வீதம் என்றால் முதல் மாத வட்டியே 50,000 ரூபா. கட்டுவது 55,054. ஆகவே முதலில், அதாவது வாங்கிய கடன் தொகையில், கழிவது வெறும் 5,054 ரூபா. அடுத்த மாதம் வட்டி ஐம்பது ரூபா குறையும், முதலில் ஐம்பது ரூபா கூடக் கழியும். இப்படித்தான் ஊர்ந்து போகிறது. ஐந்து வருடம் தவறாமல் கட்டினால் கையை விட்டுப் போனது 33 லட்சம். மீதிக் கடன் இன்னும் 45 லட்சத்து 87 ஆயிரம். பத்து வருடத்தில் 66 லட்சம் கட்டியிருப்பார்கள், அப்போதும் 38 லட்சத்துக்கு மேல் நிற்கும். பாதிக் கடன் தீருவதற்குக் கிட்டத்தட்ட 15 வருடம் பிடிக்கும்.

இதில் யாரும் ஏமாற்றவில்லை. குறைந்து செல்லும் மீதிக்கு வட்டி போடுகிற சரியான முறைதான் இது. வங்கியில் "தவணை அட்டவணை" என்று கேட்டால் மாதம் மாதமாக அச்சடித்துத் தருவார்கள். கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் அதைக் கேட்டு வாங்குங்கள். வட்டம் போட்ட ஒரு எண்ணை விட அந்த ஏழெட்டுப் பக்கம்தான் உங்களுக்குப் பேச வேண்டியதைப் பேசும்.

அதே ஐம்பது லட்சத்தை 15 வருடத்தில் கட்டினால் மாதம் 60,008. வெறும் 4,954 ரூபாதான் அதிகம். மொத்த வட்டி 82 லட்சத்திலிருந்து 58 லட்சத்துக்கு இறங்குகிறது. மாதம் ஐயாயிரத்துக்கும் குறைவான பணம் 24 லட்சத்தை மிச்சப்படுத்துகிறது. பத்து வருடம் என்றால் மாதம் 71,735, மொத்த வட்டி 36 லட்சம். 20க்கும் 15க்கும் நடுவில் இருக்கிற இந்த ஐயாயிரத்தைப் பார்த்த பிறகு 20 வருடத்துக்கு ஆசைப்பட எனக்கு ஒரு காரணமும் தெரியவில்லை. வருமானம் உண்மையிலேயே அந்த ஐயாயிரத்தைத் தாங்காது என்றால், கடன் தொகையே பெரிது என்று அர்த்தம்.

மச்சான் கேட்டார்: "இருபது வருசத்துக்கு எடுத்துட்டு, வேளாண்மை வெட்டின பிறகு ஒவ்வொரு வருசமும் கொஞ்சம் கூடக் கட்டினா?" நல்ல கேள்வி. மாரி வேளாண்மை வெட்டி நெல் விற்ற கையோடு வருடத்துக்கு ஒரு லட்சம் மேலதிகமாகக் கடன் முதலுக்குக் கட்டினால், 20 வருடக் கடன் 13 வருடமும் 4 மாதமும் ஆகும்போது முடிந்துவிடுகிறது. வட்டியில் 31 லட்சத்துக்கு மேல் மிச்சம். கையில் பணம் இல்லாத வருடம் கட்டாமலும் விடலாம். வெள்ளம் வந்து வயல் அழிகிற ஊரில் அந்த வசதிக்குப் பெறுமதி உண்டு.

ஆனால் இதற்கு இரண்டு நிபந்தனை இருக்கிறது. மேலதிகமாகக் கட்டுவதைக் கடன் முதலிலிருந்து கழிப்போம் என்று கடன் கடிதத்தில் எழுத்தில் இருக்க வேண்டும். முன்கூட்டிக் கட்டினால் கட்டணம் உண்டா, உண்டென்றால் எத்தனை வீதம் என்பதும் அதிலேயே இருக்க வேண்டும். வாயால் சொன்னது போதாது. எனக்கே ஒரு தடவை நடந்தது. சின்னக் கடன் ஒன்றில் நான் கூடக் கட்டிய பணத்தை அடுத்த மாதத் தவணைக்கு என்று முன்பணமாக வைத்துவிட்டார்கள், வட்டி ஒரு சதமும் குறையவில்லை. இரண்டாவது நிபந்தனை நம்மிடம்தான் இருக்கிறது. பெரியம்மா வீட்டுச் சாமத்தியச் சடங்கும் டிராக்டர் திருத்தமும் வந்து நிற்கும்போது அந்த ஒரு லட்சம் வங்கிக்குப் போகுமா? தங்கச்சி மச்சானைப் பார்த்தாள். மச்சான் வெளியே வளவைப் பார்த்தார்.

அப்புறம் வட்டி வீதம். 12 வீதம் என்று தாளில் இருந்ததற்குக் கீழே சின்ன எழுத்தில், முதல் சில வருடம் மட்டும் நிலையானது, பிறகு சந்தை வீதத்தோடு மாறும் என்று இருந்தது. பெரும்பாலான கடன்களில் இதை ஏ.டபிள்யூ.பி.எல்.ஆர் என்கிற முதன்மைக் கடன் வழங்கல் வீதத்தோடு, அதாவது வங்கிகள் தங்கள் முதல்தர வாடிக்கையாளருக்குப் போடுகிற சராசரி வட்டியோடு, கட்டி, அதற்கு மேல் இத்தனை வீதம் என்று போடுகிறார்கள். 2021 முடிவில் அந்த வீதம் 9க்குக் கீழே இருந்தது. 2022 ஏப்ரலில் மத்திய வங்கி கொள்கை வட்டியை ஒரே நாளில் 7 வீதப் புள்ளிகள் உயர்த்தியது. அந்த வருட முடிவில் முதன்மை வீதம் 27 அளவில் நின்றது. 2024 முடிவில்தான் மறுபடி 9க்கு அருகே இறங்கியது.

இதைத் தங்கச்சியின் கடனில் வைத்துப் பாருங்கள். ஐந்து வருடம் கட்டிய பிறகு மீதி 45 லட்சத்து 87 ஆயிரம் என்றேன். அந்த நேரம் வட்டி 20 வீதம் ஆனால் ஒரு மாத வட்டி மட்டும் 76,000க்கு மேல். அவர்கள் கட்டுகிற 55,054 வட்டிக்கே போதாது. என்னோடு வேலை செய்த ஒருவருக்கு 2022ல் இப்படித்தான் ஆனது. தவணையைக் கூட்ட முடியாமல் காலத்தை நீட்டி எழுதிக் கொடுத்தார். ஓய்வு பெறுகிற வயதைத் தாண்டிக் கடன் போகிறது. அவர் ஒரு தவணையும் தவறவில்லை, ஒரு தப்பும் செய்யவில்லை. அதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் மனம் பொறுக்கவில்லை.

அதனால் ஒரு சோதனை வைத்துக்கொண்டோம். எந்தக் கடனாக இருந்தாலும் 18 வீதம் ஆனால் மாதம் எவ்வளவு, அதைக் கட்டிச் சாப்பிடவும் முடியுமா? ஐம்பது லட்சம், 15 வருடம், 18 வீதம் என்றால் 80,521. முடியாது என்று இரண்டு பேரும் ஒரே நேரத்தில் சொன்னார்கள். முழுக் காலத்துக்கும் நிலையான வட்டி கிடைத்தால் ஒன்றிரண்டு வீதம் கூடக் கொடுத்தாவது எடுக்கலாம் என்பது என் எண்ணம். 14 வீதத்தில் அதே கடன் மாதம் 66,587 வரும். 12க்கும் 14க்கும் உள்ள அந்த ஆறாயிரத்து ஐநூறை நிம்மதிக்குக் கொடுக்கிற விலை என்று எடுத்துக்கொள்ளலாம்.

இதே இடத்தில் பிளாட் வட்டியைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். சில நிதிக் கம்பனிகள் 12 வீதம் என்றே சொல்வார்கள், கேட்க ஒன்றுபோல இருக்கும். ஆனால் கடன் குறையக் குறைய வட்டி குறையாது. கடைசி மாதம் வரை ஐம்பது லட்சத்துக்கும் வட்டி போடுவார்கள். பத்து வருடத்துக்கு வட்டி 60 லட்சம், மாதம் 91,667. இதைச் சரியான முறையில் திருப்பிக் கணக்குப் பார்த்தால் 18 வீதத்துக்கும் மேல். படுவான்கரைப் பக்கமும் அம்பாறைக் குடியேற்றங்களிலும் பலருக்குக் காணி பேர்மிட்டில்தான், அதாவது அரசின் அனுமதிப் பத்திரத்தில்தான், இருக்கிறது. 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் கொடுத்த காணியை நினைத்தபடி ஈடு வைக்க முடியாது, பிரதேச செயலாளரின் அனுமதி வேண்டும். வங்கிக் கதவு இப்படிப் பாதி மூடியிருப்பதால்தான் அவர்கள் பிளாட் வட்டிக்காரரிடம் போய் நிற்கிறார்கள். பேர்மிட்டை அளிப்பாக, அதாவது அரசு எழுதித் தருகிற உரிமைப் பத்திரமாக, மாற்றி எடுக்க அலைகிற ஒரு வருடம் இந்த வட்டி வித்தியாசத்துக்கு முன்னால் பெரிதே இல்லை.

சரி, கடனே வேண்டாம், அப்பா காலத்தைப் போலக் கொஞ்சம் கொஞ்சமாகக் கட்டினால்? சீட்டு விழுந்தால் அத்திவாரம், நகையை அடகு வைத்துச் சுவர், நெல் விற்றுக் கூரை. அம்மாவுக்கு இதுதான் விருப்பம். "கடன்பட்டு வீடு கட்டினா நித்திரை வராது புள்ள" என்று இரண்டு தடவை சொன்னார். வட்டி இல்லை, உறுதி பெட்டகத்திலேயே இருக்கும். மதிப்பு வாய்ந்த இரண்டு விஷயம் இவை. ஆனால் இதற்கும் விலை உண்டு, யாரும் தாளில் எழுதித் தருவதில்லை. 2021ல் ஆயிரம் ரூபா அளவில் வாங்கிய சீமெந்து பை 2022ல் இரண்டாயிரத்து ஐநூறையும் தாண்டியது. அந்த வருடம் லிண்டலோடு நின்ற வீடுகள் இன்னும் பாசி படிந்து நிற்கின்றன. வங்கியில் வைக்கிற நகை ஒரு வருடக் கணக்கு. வட்டியைக் கட்டித் திருப்பி வைத்துக்கொண்டே போனால் அதுவும் ஒரு நீண்ட கடன்தான், விட்டால் ஏலம். நகையை விற்றுவிட்டவர்கள் 2021க்குப் பிறகு பவுண் இரண்டு மடங்குக்கு மேல் ஏறியதைப் பார்த்துக் கவலைப்படுகிறார்கள். கூரை போட இரண்டு மாதப் பணம் குறைகிறது, அறுவடை வரப்போகிறது என்கிற நேரத்துக்கு அடகு நல்லது. வீடு கட்டும் முதலாக அதை நம்பக் கூடாது.

மச்சானுக்கு ஊழியர் சேமலாப நிதியும் இருக்கிறது. பத்து வருடப் பங்களிப்பும் மூன்று லட்சத்துக்குக் குறையாத மீதியும் இருந்தால் வீட்டுக்காக 30 வீதம் வரை எடுக்கலாம். அவருக்கு ஆறு லட்சம் அளவில் வரும். எடுக்கலாமா? அந்த நிதி 2022க்கு 9 வீதமும் 2023க்கு 13 வீதமும் 2024க்கு 11 வீதமும் வட்டி கொடுத்தது. 12 வீதக் கடனைக் குறைக்க இதை எடுப்பதில் பெரிய இலாபம் இல்லை, பெரிய நட்டமும் இல்லை. ஆனால் அந்த ஆறு லட்சம் அங்கேயே 9 வீதத்தில் 15 வருடம் இருந்தால் 21 லட்சத்துக்கு மேல் ஆகும். அவருக்குப் பென்சன் இல்லை. நான் தொட வேண்டாம் என்றேன். தங்கச்சியைப் போன்ற அரச உத்தியோகத்தர்கள், திறைசேரி வட்டியில் ஒரு பகுதியைத் தாங்கும் சொத்துக் கடனை முதலில் விசாரிக்க வேண்டும். அது போதாமல் வெளியில் எடுக்கிற பணத்தைப் பற்றித்தான் நான் இங்கே பேசுவது.

இரண்டாவது ஞாயிற்றுக்கிழமை தங்கச்சிதான் வழியைக் கண்டுபிடித்தாள். வீட்டுப் படத்தை எடுத்து, பின்பக்க இரண்டு அறையையும் மேல் தட்டுக்கான படியையும் பென்சிலால் அடித்துவிட்டு, "இது இல்லாமக் கட்டினா எவ்வளவு வேணும்?" என்று கேட்டாள். மேசனிடம் கேட்டோம். முப்பது லட்சம்.

முப்பது லட்சத்தைப் பத்து வருடத்தில் கட்டினால் மாதம் 43,041. மொத்த வட்டி 21 லட்சத்து 65 ஆயிரம். கட்டி முடிக்கிற மொத்தம் 51 லட்சத்து 65 ஆயிரம், அதாவது முதல் தாளில் இருந்த கடனுக்கு வருகிற வட்டியை விடவே முப்பது லட்சம் குறைவு. வட்டி 18 வீதத்துக்குப் போனாலும் மாதம் 54,056தான் வரும். அன்றைக்கு அவர்கள் கட்டலாம் என்று சொன்ன 55,054ஐ விட அதுவும் குறைவு. சோதனையில் தேறிய கடன் இது ஒன்றுதான். மூத்தவளுக்கு 19 வயது ஆகும்போது உறுதி வீட்டுக்கு வந்துவிடும்.

நேர்மையாக ஒன்று சொல்ல வேண்டும். விட்டுவைத்த இருபது லட்சத்து வேலை பிறகு நாற்பது லட்சம் ஆகலாம். அப்படி ஆனால் மொத்தம் 91 லட்சத்து 65 ஆயிரம். மாதம் 71,735 கட்டக்கூடிய குடும்பம் ஐம்பதையும் பத்து வருடத்துக்கு எடுத்தால் 86 லட்சத்தில் முழு வீடும் முடிந்திருக்கும். வருமானம் உறுதியாக இருந்தால் அதுவே இலாபம். தங்கச்சி குடும்பத்துக்கு அந்தத் தவணை கழுத்தைப் பிடிக்கும். 20 வருடக் கடனோடு ஒப்பிட்டால், விலை இரண்டு மடங்கு ஆகியும் நாற்பது லட்சம் மிச்சம்.

கடைசியாகச் சில்லறைச் செலவுகள். அவற்றைச் சில்லறை என்று சொல்வதே தப்பு. காணிப் பதிவகத்தில் எடுக்கிற தோம்புப் பிரதி, நொத்தாரிசுக் கட்டணம், மதிப்பீட்டாளர், வீதிக்கோட்டுச் சான்றிதழ், வருடா வருடம் கட்டிடக் காப்புறுதி. இவை எல்லாம் கடன் பணம் கைக்கு வருவதற்கு முன்னாலேயே நம் பையிலிருந்து போகத் தொடங்கும். கடன் பணமும் ஒரே தடவையில் வராது. அத்திவாரம் முடித்துக் காட்டினால் ஒரு பகுதி, லிண்டலுக்கு ஒரு பகுதி என்று வரும். ஆகவே அத்திவாரத்துக்கான பணம் கையில் இல்லாமல் தொடங்க வேண்டாம். காப்புறுதியில் வெள்ளமும் சுனாமியும் அடங்குமா என்று கேளுங்கள். 2004ஐக் கண்ட கரையில் இதைக் கேட்காமல் கையெழுத்துப் போடக் கூடாது. ஆயுள் காப்புறுதிக் கட்டணத்தைக் கடனோடு சேர்த்துவிடலாம் என்று சொன்னால், முடிந்தவரை மறுத்துவிடுங்கள். இரண்டு லட்சம் கட்டணத்தைக் கடனில் சேர்த்து 20 வருடம் கட்டினால் அது 5 லட்சத்து 28 ஆயிரம் ஆகிறது. ஆனால் காப்புறுதியையே விட்டுவிட வேண்டாம். சம்பாதிக்கிறவர் போய்விட்டால் பிள்ளைகளிடம் வீடு நிற்பது அதனால்தான்.

முழு வீட்டுக்கும் சேர்த்தே படத்தைப் பிரதேச சபையில் அனுமதி எடுத்தார்கள். அத்திவாரமும் முழு வீட்டுக்கும் போட்டாயிற்று. முன்பக்கம் கூரை ஏறிவிட்டது. பின்பக்க அறைகளுக்கு என்று தூண் கம்பிகள் இடுப்பளவில் நிற்கின்றன. உப்புக் காற்றில் துருப்பிடிக்காமல் இருக்க மச்சான் அவற்றுக்குச் சீமெந்துப் பால் பூசி, மேலே பொலித்தீன் சுற்றிக் கட்டி வைத்திருக்கிறார். போன கிழமை போனபோது சின்னவள் அதில் ஒரு கம்பியைப் பிடித்துக்கொண்டு, "மாமா, இது என்ட அறை" என்றாள்.